முதல் மூடித் தேங்காய்

“சார், உங்க புஸ்தகத்துல எங்களப் போகச் சொல்லியிருக்காமே, நெசமா?”

போனில் கேட்டவர் ஒடிசாவிலிருந்து வந்த ஒரு பெண். குரலில் கோபம் இல்லை. கேட்டுத் தெரிந்துகொள்ளும் குரல்தான். அருப்புக்கோட்டையில் ஒரு விசைத்தறிக் கொட்டகையில் அவருடைய கணவர் தறி ஓட்டுகிறார், இவர் அங்கேயே நூல் சுற்றுகிறார். கொட்டகைக்குப் பின்னால் வரிசையாக ஆறு ஓட்டு வீடுகள். அதில் கடைசி வீட்டில் பன்னிரண்டு வருடமாக இருக்கிறார்கள். ஒரே மகள், அந்த ஊரிலேயே பிறந்தவள், அப்போது அரசுப் பள்ளியில் ஆறாம் வகுப்பு படித்துக்கொண்டிருந்தாள்.

கொட்டகையும் வீடுகளும் என் பெரியப்பா மகனுடையவை. அண்ணன் அவர்களை மாசிக் கடைசிக்குள் வீட்டைக் காலி செய்யச் சொல்லிவிட்டார். ஏன் என்று கேட்டதற்கு என் புத்தகத்தை எடுத்து நீட்டியிருக்கிறார். பெரியவர்கள் இருவருக்கும் தமிழ் படிக்கத் தெரியாது. அந்தச் சிறுமிதான் படித்துக் காட்டியிருக்கிறாள். தன் குடும்பம் இங்கே தங்காது என்று நான் எழுதியதை, முழுப்பரீட்சைக்கு இரண்டு மாதம் இருக்கும்போது, தன் அப்பா அம்மாவுக்கு அவள் வாய்விட்டு வாசித்திருக்கிறாள்.

நான் அரசியல் செய்தி எழுதிப் பிழைத்தவன். கூட்டம், தேர்தல், கூட்டணி, பிளவு, மறுபடியும் கூட்டணி என்று முப்பது வருடம் ஓடிவிட்டது. ஐம்பதைத் தாண்டியதும் எனக்கும் புத்தக ஆசை வந்தது. முதல் புத்தகம் வடக்கிலிருந்து நம் மில்லுக்கும் தறிக்கும் வேலைக்கு வருகிறவர்களைப் பற்றியது. இரண்டாவது, ஒருவர் ஒரு நாட்டைச் சேர்ந்தவர் என்பதை எதை வைத்துச் சொல்கிறோம் என்பதைப் பற்றியது. மூன்றாவது பொருளாதாரம். அது அப்போது பாதியில் நின்றது. சொந்தக்காரர்கள் யாரும் இவற்றைப் படிப்பதில்லை என்ற நம்பிக்கையில் நான் நிம்மதியாக இருந்தேன். அண்ணன் மட்டும் என் புத்தகங்களைப் பீரோவில் பட்டுப்புடவைகளுக்கு நடுவே வைத்திருந்தார். வீட்டுக்கு வருகிறவர்களிடம் எடுத்துக் காட்டுவார், பிரிக்க விடமாட்டார். அவரே பிரித்த ஒரு தடவை இப்படி ஆகிப்போனது.

அவர் காட்டிய வரி இதுதான்: “இவர்கள் தங்க வந்தவர்கள் அல்லர், திரும்பிப் போகவே வந்தவர்கள்.” இதை நான் கெட்ட எண்ணத்தில் எழுதவில்லை. வெளியாட்கள் வந்து குவிகிறார்கள் என்று பயந்தவர்களைச் சமாதானப்படுத்தத்தான் எழுதினேன். பயப்படாதீர்கள், போய்விடுவார்கள் என்று சொல்லிவிட்டு நல்லது செய்த திருப்தியில் அடுத்த அத்தியாயத்துக்குப் போய்விட்டேன். யாருக்காகப் பரிந்து எழுதினேனோ அவர்களைத்தான் அந்த வரி வெளியே தள்ளப் பார்த்தது.

அந்த வரிக்கு ஆதாரமும் இதே தம்பதிதான் என்பதைச் சொல்லாமல் விட முடியாது. புத்தகத்துக்காக முதன்முதலில் பார்க்கப் போனபோது, முற்றத்து வேப்பமரத்தடியில் ஒரு நூல் பெட்டியைக் கவிழ்த்துப் போட்டு என்னை உட்கார வைத்தார்கள். டீ கொடுத்தார்கள். “ஊருக்கு எப்பத் திரும்பிப் போவீங்க?” என்று கேட்டேன். கணவர் சிரித்துக்கொண்டே, “போவோம் சார்” என்றார். நான் எழுதிக்கொண்டேன். நான் குடியிருக்கும் மதுரையில் என்னை யாராவது அப்படிக் கேட்டால் நானும் “போகணும் சார்” என்றுதான் சொல்வேன். எங்கள் பக்கத்திலிருந்து மும்பைக்குப் போய் நாற்பது வருடம் ஆனவர்களும் அதையேதான் சொல்கிறார்கள். மரியாதைக்குச் சொன்ன பதிலை நான் ஆராய்ச்சி முடிவாக்கிவிட்டேன்.

போன் வந்த மறுநாளே பஸ் ஏறினேன். அண்ணன் கொட்டகை வாசலில் நின்றிருந்தார். என்னைவிட நான்கு வயது மூத்தவர், நல்லவர், பிடிவாதக்காரர்.

“ஏலே, நீ எழுதினதத்தான நான் செய்யிறேன். தங்க வரலன்னு எழுதியிருக்க. இவுக தங்குறதுக்குல்ல வேல பாக்குறாக.”

“என்ன வேலண்ணே?”

கையைப் பிடித்து வேப்பமரத்தடிக்கு இழுத்துப் போனார். மரத்தின் தூரை ஒட்டி ஒரு செங்கல் நட்டிருந்தது. அதன் மேல் குங்குமம் அப்பி, இரண்டு செவ்வரளிப் பூ வைத்திருந்தது. செங்கலைச் சுற்றி ஒரு சாண் அகலத்துக்கு மண் வேறாக இருந்தது. கரிசலுக்கு நடுவில் அது மட்டும் செக்கச்செவேல் என்று தெரிந்தது. அந்தப் பெண் தன் ஊர் அம்மன் காலடியிலிருந்து ஒரு பிளாஸ்டிக் டப்பாவில் கொண்டுவந்த மண்.

“இன்னிக்குச் செங்கலு. நாளைக்குச் சூலாயுதம். நாளான்னிக்குத் தகர செட்டு. அப்புறம் என் எடத்துல நான் ஒரு கொடி கட்டித் துணி காயப்போட முடியுமாலே?”

அவர் பயத்தை நான் கேலி செய்ய மாட்டேன். எங்கள் பக்கம் சாமி உட்கார்ந்த இடத்தைத் தாசில்தாராலும் அசைக்க முடியாது. அதே தெருவில் வீடு வாடகைக்கு விடும் இன்னும் இரண்டு பேரும் இதைக் கேட்டுவிட்டு, இனிமேல் குடும்பமாக வருகிறவர்களுக்கு வீடு கிடையாது, தனியாட்களுக்கு மட்டும்தான் என்று பேசி வைத்திருந்தார்கள். அதனால் அண்ணன் வீடு போனால் அந்தக் குடும்பத்துக்குப் பக்கத்தில் வேறு வீடு இல்லை. மகளுக்குப் பள்ளிக்கூடமும் இல்லை.

நான் விடவில்லை. இந்த நாட்டுக் குடிமகன் யாரும் எந்த ஊரிலும் குடியிருக்கலாம் என்று ஆரம்பித்து, இரண்டாவது புத்தகத்தின் முன்னுரையை அப்படியே ஒப்பித்தேன். அண்ணன் பொறுமையாகக் கேட்டார்.

“அத யாரு இல்லைன்னா? எங்க வேணா இருக்கட்டும். ஆனா என் வேப்பமரத்தடிதான் ‘எங்க வேணா’வா?”

காப்பி கூடக் குடிக்காமல் கிளம்பினேன். கடைசி வீட்டு வாசலில் அந்தப் பெண் நின்றிருந்தார். “பேசுறேம்மா, பாத்துக்கலாம்” என்றேன். முப்பது வருடமாக அரசியல்வாதிகள் என்னிடம் சொல்லி அனுப்பும் அதே வார்த்தை. அதைக் கேட்டு நான் செய்வது போலவே அவரும் தலையாட்டிவிட்டு உள்ளே போனார்.

அடுத்து மாசி சிவராத்திரி வந்தது. எங்கள் குலசாமி கோயில் திருச்சுழியிலிருந்து நரிக்குடி போகும் பாதையில், ரோட்டைவிட்டு உள்ளே, மானாவாரிக் காட்டின் ஓரத்தில் இருக்கிறது. ஒரு உடைமரம், ஒரு மேடை, பிற்பாடு போட்ட கூரை, அவ்வளவுதான். வருடம் முழுக்க ஆடுதான் படுத்திருக்கும். சிவராத்திரிக்கு மட்டும் சென்னை, திருப்பூர், மும்பை என்று எங்கெங்கோ இருந்து பங்காளிகள் வேன் பிடித்து வந்து சேர்வார்கள். மறுநாள் மதியம் பூசை முடிந்ததும் பூசாரி தேங்காய் உடைப்பார். முதல் மூடியும் முதல் திருநீறும் எங்கள் யாருக்கும் கிடையாது. பக்கத்து ஊர்க் குடும்பம் ஒன்றுக்குத்தான். அவர்கள் எங்கள் சொந்தமும் இல்லை, எங்கள் சாதியும் இல்லை. சின்ன வயதிலிருந்து இதைப் பார்த்துக்கொண்டே இருந்திருக்கிறேன். ஏன் என்று ஒருநாளும் கேட்டதில்லை.

கேட்காமல் இருந்ததோடு நிற்காமல் எழுதியும் விட்டேன். இரண்டாவது புத்தகத்தில் இந்த முதல் மரியாதைக்கு ஒரு பக்கம் ஒதுக்கி, பிறப்பால் வரும் ஆதிக்கம் கோயிலில் எப்படி நிலைநிறுத்தப்படுகிறது என்பதற்கு இதை உதாரணமாக வைத்தேன். பல கோயில்களில் அது உண்மையும்கூட. ஊர்ப் பெயர் போடவில்லை. ஆனால் திருச்சுழி பக்கத்தில் யார் படித்தாலும் எந்தக் கோயில், எந்த வீடு என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்லிவிடுவார்கள்.

சில வருடங்களாக அந்த மூடியை வாங்க வருவது ஒரு பெண். நாற்பத்தைந்து வயது இருக்கும். அப்பா இறந்த பிறகு அவர்தான் வருகிறார். ஸ்கூட்டியில் வருவார், ஓரமாக நிற்பார், வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டு போய்விடுவார். அந்த வருடம் போகவில்லை. நேராக என்னிடம் வந்து, துணிப்பையிலிருந்து என் புத்தகத்தை எடுத்தார்.

“அண்ணே, இது நீங்க எழுதினதுதான?”

“ஆமாம்மா.”

“இந்தப் பக்கத்துல இருக்குறது எங்க வீடு.”

பக்கம் முழுக்கப் பென்சில் கோடு. ஓரத்தில் இரண்டு கேள்விக்குறி. நான் படித்த எந்த மதிப்புரையிலும் அவ்வளவு கவனம் இருந்ததில்லை.

“ஆதிக்கம்னு போட்டிருக்கீக. எங்களுக்கு இருக்குறது ரெண்டு குறுக்கம் மானாவாரி நெலம். மழ பேஞ்சா உளுந்து, பேயலைன்னா அதுவும் இல்ல. நான் அங்கன்வாடியில சத்துமாவு கிண்டுறேன். நாங்க யாரண்ணே ஆதிக்கம் பண்றோம்?”

“பொதுவா ஒரு நெலமையச் சொல்றதுக்காக...” என்று இழுத்தேன்.

“பொதுவா எழுதுங்க, வேணாங்கல. எங்க வீட்டப் பத்தி எழுதுறதுக்கு முன்னால எங்க வீட்டுல வந்து ஒரு வார்த்த கேட்டிருக்கலாம்ல?”

சுருக்கென்றது. நிருபர் வேலையில் முதல் வாரம் சொல்லிக்கொடுப்பது அது. மன்னிப்புக் கேட்டுவிட்டு, “இப்பக் கேக்குறேன், சொல்லுங்கம்மா” என்றேன். உடைமரத்து நிழலில் உட்கார்ந்து சொன்னார்.

கிழக்கே எங்கோ மழை பொய்த்துப்போன ஒரு காலத்தில் எங்கள் ஆட்கள் மாடு கன்றோடு இந்தப் பக்கம் வந்திருக்கிறார்கள். வரும்போது பழைய கோயில் மண்ணில் ஒரு பிடி எடுத்துத் துணியில் முடிந்து வந்திருக்கிறார்கள். பிடிமண் என்பார்கள். அதை வைத்துத்தான் புது இடத்தில் சாமியை இருத்துவது. ஆனால் வைக்க இடம் இல்லை. வெளியூர்ச் சாமி உள்ளே வந்தால் நிலம் போய்விடும் என்று யாரும் சம்மதிக்கவில்லை. முடிச்சைத் தூக்கிக்கொண்டு ஊர் ஊராக அலைந்திருக்கிறார்கள். கடைசியில் இந்தப் பெண்ணின் முன்னோர் ஒருவர், தன் காட்டு ஓரத்தைக் காட்டி, “இங்கன வச்சுக்கங்க” என்று சொல்லியிருக்கிறார்.

“அதுக்குத்தான் முதல் மூடின்னு உங்க ஆளுகளே வச்சாக. நாங்க கேக்கல. வேணாம்னுதான் சொன்னாகளாம். வாங்கலைன்னா உங்க மனசு கஷ்டப்படும்ல, அதுக்காகத்தான் வருசா வருசம் லீவு போட்டுட்டு வாரேன்.”

எங்கள் கோயில் பிடிமண் கோயில் என்று எனக்கும் தெரியும். மேடையில் பேசும்போது பெருமையாகக்கூடச் சொல்லியிருக்கிறேன். அந்த மண்ணை இறக்கி வைக்க யாரோ ஒருவர் இடம் தந்திருக்க வேண்டும் என்பதை மட்டும் ஒருநாளும் யோசிக்கவில்லை. வந்தவர்களைப் பற்றி ஒரு புத்தகம், சொந்த மண்ணைப் பற்றி ஒரு புத்தகம் எழுதியவன் நான். எனக்கு வெட்கம் பிடுங்கித் தின்றது. அதோடு சேர்ந்தே அந்தப் பெண் மேல் பெரிய நன்றியும் வந்தது. திட்டிவிட்டுப் போயிருக்கலாம். வழக்குப் போடுவேன் என்று மிரட்டியிருக்கலாம். பென்சிலால் கோடு போட்டு, லீவு நாளில் உட்கார்ந்து, எனக்குச் சொல்லிக்கொடுத்தார்.

அண்ணனைக் கூப்பிட்டேன். அவர்தான் வழக்கம்போலக் கறிக்குழம்புக்குப் பொறுப்பு. தோளில் துண்டும் கையில் கரண்டியுமாக வந்தார். நான் எதுவும் விளக்கவில்லை. “எனக்குச் சொன்னத அண்ணனுக்கும் ஒருக்காச் சொல்லுங்கம்மா” என்று மட்டும் கேட்டுக்கொண்டேன். அவர் மறுபடியும் முதலிலிருந்து சொன்னார். வெளியூர்ச் சாமி வந்தால் நிலம் போய்விடும் என்ற இடம் வந்தபோது அண்ணன் என்னைப் பார்த்தார்.

“இத எதுக்கு இப்ப எனக்குச் சொல்றீக?”

நான் உடைமரத்தடி மேடையைக் கைகாட்டினேன்.

“அது வேறலே. இது வேற” என்று சொல்லிவிட்டு அடுப்புக்குப் போய்விட்டார். அன்றைக்குக் குழம்பில் உப்பே இல்லை. இருபது வருடத்தில் அண்ணன் சமையலில் உப்புக் குறைந்தது அதுதான் முதல் தடவை என்று பந்தியில் ஆளாளுக்கு ஏசினார்கள்.

மறுநாள் காலையில் “வண்டியில ஏறு” என்றார். அருப்புக்கோட்டைக்கு ஓட்டினார். கொட்டகை வாசலில் வண்டியை நிறுத்திவிட்டு, கோயில் திருநீற்றுப் பொட்டலத்தைச் சட்டைப் பையிலிருந்து எடுத்துக்கொண்டு நேராக வேப்பமரத்தடிக்கு நடந்தார். அங்கே செங்கல் இல்லை. செம்மண்ணையும் சுரண்டி எடுத்து, இடத்தைத் துப்புரவாகப் பெருக்கித் தண்ணீர் தெளித்திருந்தது. கடைசி வீட்டு வாசலில் இரண்டு மூட்டைகள் கட்டி வைத்திருந்தன.

“ஏம்மா, சாமி எங்க?”

அந்தப் பெண் பதறிப்போய் ஒரு மூட்டையை அவிழ்த்தார். குண்டான் சட்டிகளுக்கு நடுவிலிருந்து ஒரு பிளாஸ்டிக் டப்பாவை எடுத்துக் காட்டினார். மூடி இறுக்கமாக மூடியிருந்தது.

“எடுத்துட்டேன் ஓனர் அண்ணே. நீங்க பயப்படாதீங்க. வேற வீடு கெடைக்கிற வரைக்கும் இதுலயே இருக்கட்டும். வரும்போதும் இதுலதான் வந்துச்சு.”

அண்ணன் அந்த டப்பாவையே பார்த்துக்கொண்டு நின்றார். துணி முடிச்சோடு ஊர் ஊராக அலைந்த கதை அவருக்கு நினைவு வந்திருக்க வேண்டும். எனக்கு வந்தது. அவர் முகம் கோணியது.

“மூடியத் தொறம்மா மொதல்ல. சாமியப் போயி டப்பாவுல அடைக்கிறதா? மூச்சு முட்டும்ல!”

அவர் போட்ட சத்தத்தில் கணவர் தறியை நிறுத்திவிட்டு ஓடி வந்தார். திட்டுகிறாரா என்ன என்று புரியாமல் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

“இருந்த எடத்துலயே வையிம்மா. செட்டு கிட்டுப் போட்டா மட்டும் என்னயக் கேட்டுட்டுப் போடு. மூட்டையப் பிரி. பிள்ள பள்ளிக்கொடத்துக்கு நேரமாகுதுல்ல?”

சிறுமி அதை ஒடியாவில் அப்பாவுக்குச் சொன்னாள். அந்தப் பெண் டப்பாவை மடியில் வைத்துக்கொண்டு மூட்டை மேலேயே உட்கார்ந்து அழுதார். நானும் அழுதேன். அண்ணன் மட்டும், எதற்கு இப்போது ஆளாளுக்கு அழுகிறீர்கள் என்று எங்களை அதட்டிக்கொண்டே துண்டால் மூக்கைத் துடைத்தார். செங்கலை மறுபடி நட்டதும், திருநீற்றுப் பொட்டலத்தைப் பிரித்து அதற்கு முதலில் பூசியது அவர்தான்.

என் பங்கு வேலை பாக்கி இருந்தது. அந்தத் தெருவின் மற்ற இரண்டு வீட்டுக்காரர்களையும் டீக்கடையில் பார்த்து, என் புத்தகத்தைப் பிரித்து, அவர்கள் கண் முன்னால் அந்த வரியைப் பேனாவால் அடித்தேன். “தம்பி எழுதினதத் தம்பியே அடிக்கிறாரு. அப்ப மத்த பக்கமெல்லாம் சரியா?” என்று ஒருவர் கேட்டார். நியாயமான கேள்விதான். தெரியவில்லை என்றேன். ஒருவர் மனம் மாறிக் குடும்பங்களுக்கு வீடு விட ஆரம்பித்தார். இன்னொருவர் இன்றுவரை மாறவில்லை.

அடுத்த பதிப்பில் அந்த வரி இல்லை. இரண்டாவது புத்தகத்தில் அந்த ஒரு பக்கத்தை முழுக்க மாற்றி எழுதி, அச்சுக்கு அனுப்பும் முன் அங்கன்வாடிக்குக் கொண்டுபோய்ப் படித்துக் காட்டினேன். அந்த நல்ல மனுஷி அதிலும் இரண்டு கோடு போட்டுத் தந்தார். மூன்றாவது புத்தகத்தின் கையெழுத்துப் பிரதி முழுக்க அவருடைய பென்சிலைத் தாண்டித்தான் வெளியே வந்தது. “விலைவாசின்னு எழுதுறீக, என்ன வாங்குனீகன்னு எழுதலையே” என்று ஒரு இடத்தில் கேட்டிருந்தார். பொருளாதாரம் படித்த யாரும் என்னிடம் கேட்காத கேள்வி. என் புத்தகங்களில் உருப்படியாக ஏதாவது இருந்தால் அதில் பாதி அவர் தந்தது. இதைச் சொன்னால் சிரிப்பார், ஆனாலும் சொல்கிறேன்.

இந்த வருடம் சித்திரை முதல் நாள் அந்தக் கடைசி வீட்டிலிருந்து அழைப்பு. ஒடிசாவிலும் அன்றுதான் வருடப் பிறப்பாம். பழமும் வெல்லமும் போட்டுப் பானகம் கரைத்திருந்தார்கள். தகர செட்டு எதுவும் வரவில்லை. அதே செங்கல், அதே ஒரு சாண் செம்மண். அன்றைக்கு மட்டும் செவ்வரளி மாலை. அண்ணன் வெள்ளை வேட்டியோடு வந்து, சும்மா எட்டிப் பார்க்க வந்தவர் போல மரத்துக்குத் தள்ளியே நின்றார். கணவர் தேங்காய் உடைத்தார். அந்தப் பெண் ஒரு மூடியை எடுத்து, பூ வைத்து, மகளைத் தாண்டி, என்னைத் தாண்டி, அண்ணனிடம் போய் இரண்டு கையாலும் நீட்டினார்.

“எனக்கா? எனக்கு எதுக்கும்மா? பிள்ளைக்குக் குடு.”

“எடம் நீங்க குடுத்தது ஓனர் அண்ணே. மொதல்ல உங்களுக்கு.”

நான் அவரிடம் எங்கள் கோயில் கதையைச் சொன்னதில்லை. அண்ணனும் சொல்லியிருக்க மாட்டார். “இப்பிடிக் குடுக்கணும்னு யாரும்மா சொன்னா?” என்று கேட்டேன். “இதுக்கு யாரு சார் சொல்லணும்?” என்றார்.

அண்ணன் மூடியை வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். அதற்குப் பிறகு பானகம் குடிக்கும்போதும் அதைக் கீழே வைக்கவில்லை. கிளம்பும்போது வண்டிப் பெட்டியில் வைக்கச் சொன்னேன், கேட்கவில்லை. என்னை ஓட்டச் சொல்லிவிட்டுப் பின்னால் உட்கார்ந்து மடியில் வைத்துக்கொண்டார். கொட்டகை வாசலைத் தாண்டியதும் தோளைத் தட்டினார்.

“ஏலே, இனி வருசா வருசம் வரணுமோ?”

“வாங்கலைன்னா அவுக மனசு கஷ்டப்படும்ணே.”